மேல்கோர்ட்டுப் படியேறும் முன்

போன வாரம் சாயங்காலம் ஒரு ஜூனியர் கேஸ்கட்டோடு வந்து நின்றார். முன்சீப் கோர்ட்டில் எதிர்த்தரப்புக்கு இடைக்கால உறுத்துக்கட்டளை கிடைத்து மூன்று நாள் ஆகியிருந்தது. அவருடைய கட்சிக்காரர் வீட்டுக்குப் பின்புறம் ஒரு சுவர் எழுப்பச் செங்கலும் மணலும் இறக்கிவிட்டு, அதைத் தொட முடியாமல் நிற்கிறார். "சார், 227-ல ஒரு சி.ஆர்.பி. போட்டு மதுரையிலேயே உடைச்சிரலாமா? இங்க சி.எம்.ஏ. போட்டா இழுத்துருவாங்க சார்" என்றார். அவருக்கு அன்று அரை மணி நேரத்தில் சொன்னதைக் கொஞ்சம் விரித்து எழுதுகிறேன். இந்த வருஷம் பதிவு செய்துகொண்டு சிவில் பக்கம் வந்திருக்கிற எல்லோருக்கும் சேர்த்துத்தான்.

1. முதலில் ஏணியில் எத்தனை படி என்று எண்ணிப் பாருங்கள். உரிமையியல் விசாரணைமுறைச் சட்டத்தின் கட்டளை 39, விதி 1, 2-இன்கீழ் உறுத்துக்கட்டளை கொடுத்தாலும் சரி, மறுத்தாலும் சரி, அந்த உத்தரவின்மேல் மேல்முறையீடு உண்டு. விதி 4-இன்கீழ் தடையை நீக்கினாலும் நீக்க மறுத்தாலும் உண்டு. கட்டளை 43 விதி 1-இல் 'ஆர்' என்ற உட்பிரிவு இதைச் சொல்கிறது. முன்சீப் கோர்ட் உத்தரவென்றால் சப் கோர்ட்டில் சி.எம்.ஏ.; மாவட்ட நீதிமன்ற உத்தரவென்றால் உயர் நீதிமன்றத்தில். கீழ்நிலை மேல்முறையீட்டுக்கு 30 நாள், உயர் நீதிமன்றத்துக்கு 90 நாள். நகலுக்குக் காத்திருந்த நாள்களைக் கழித்துக்கொள்ளலாம்.

அந்த சி.எம்.ஏ.வும் முடிந்தபின் என்ன இருக்கிறது? பிரிவு 104-இன் இரண்டாம் உட்பிரிவு அதற்குமேல் இன்னொரு மேல்முறையீட்டை அடைத்துவிட்டது. பிரிவு 115-இன் சீராய்வும் கிடையாது. 1999-இல் திருத்தி 1-7-2002 முதல் நடைமுறைக்கு வந்த காப்புரையைப் படியுங்கள். சீராய்வு கேட்பவர் பக்கம் அந்த உத்தரவு போயிருந்தால் வழக்கே முடிந்திருக்குமா என்று அது கேட்கிறது. இடைக்கால உறுத்துக்கட்டளை யார் பக்கம் போனாலும் வழக்கு முடிவதில்லை. ஆகவே அந்தக் கதவும் சாத்தியாயிற்று. இப்படி ஏணி முடிகிற இடத்தில்தான் அரசியலமைப்பின் 227-ஆவது கூறு தொடங்குகிறது. முதல் படியில் நிற்கிறபோதே அதற்குத் தாவ நினைப்பதுதான் நம் ஜில்லாக்களில் நான் அதிகம் பார்க்கிற தவறு.

இதை உச்ச நீதிமன்றம் நம் ஊர்ப்பக்க வழக்கிலேயே சொல்லிவிட்டது. விருதுநகர் இந்து நாடார்கள் தர்ம பரிபாலன சபைக்கும் தூத்துக்குடி கல்விச் சங்கத்துக்கும் நடந்த வழக்கில் 2019-இல் வந்த தீர்ப்பு அது. சிவில் சட்டத்திலேயே மேல்முறையீடு இருக்கும்போது 227-க்கு அது ஏறக்குறைய முழுத்தடை என்றது. தீர்ப்பாயம், வாரியம் போன்றவற்றுக்கு இருக்கும் மாற்றுப் பரிகாரம் வேறு, சிவில் கோர்ட்டுக்குள்ளேயே இருக்கும் மேல்முறையீடு வேறு என்று பிரித்தும் காட்டியது. இல்லாவிட்டால் நாளைக்கு ஒருவர் டிக்ரியின்மேலேயே அப்பீல் போடாமல் 227-இல் வந்து நிற்பார் என்பது அந்தத் தீர்ப்பின் கவலை. தீர்ப்பு சிறியதுதான், ஒரே இருப்பில் படித்துவிடலாம். படிக்காமல் மதுரைக்கு பஸ் ஏறாதீர்கள்.

2. ஒருதலைப்பட்ச உத்தரவென்றால் பதற்றம் கூடுதலாக இருக்கும். நோட்டீஸே வரவில்லை, கோர்ட் நம்மைக் கேட்கவே இல்லை என்று கட்சிக்காரர் கொதிப்பார். அவர் கொதிப்பில் நியாயம் உண்டு. ஆனால் அதற்கும் சட்டமே வழி வைத்திருக்கிறது. அதே கோர்ட்டில் விதி 4-இன்கீழ் தடைநீக்க மனு போடலாம். அல்லது நேரே மேல்முறையீடு போகலாம். நோட்டீஸ் இல்லாமல் தடை கொடுத்தால் 30 நாளுக்குள் அந்த ஐ.ஏ.வை முடிக்க முயல வேண்டும், முடியாவிட்டால் காரணத்தை எழுதிவைக்க வேண்டும் என்பது 1976 திருத்தத்தில் வந்த விதி 3ஏ. அந்த 30 நாளும் தாண்டி வாய்தா வாய்தாவாகப் போனால், மனு நிலுவையில் இருக்கும்போதே மேல்முறையீடு செய்யலாம் என்று வெங்கடசுப்பையா நாயுடு வழக்கில் 2000-இல் உச்ச நீதிமன்றம் தீர்த்தது. அதுவும் சென்னையிலிருந்து போன வழக்குதான். 30 நாள் ஆனதும் தடை தானாக விழுந்துவிடும் என்று சிலர் கட்சிக்காரரிடம் சொல்லிவிடுகிறார்கள். அப்படி விழாது. கிடைப்பது மேல்முறையீட்டு உரிமை மட்டும்தான். 'தடை போயிருச்சு, வேலையைப் பாருங்க' என்று நீங்கள் வாயால் சொன்னதை நம்பி அவர் கடப்பாரையை எடுத்தால், ஜெயில் வாசலில் நிற்கப்போவது அவர்தான்.

இதில் என் தவறு ஒன்றைச் சொல்லியாக வேண்டும். அப்போது நான் தொழிலுக்கு வந்து ஆறேழு வருஷம் ஆகியிருந்தது. மதுரைக் கிளை 2004 ஜூலையில்தான் வந்தது. அதற்கு முந்தைய காலம். ஆற்றுப்பாசனத்தில் ஒன்றரை ஏக்கர் ஏத்தன் வாழை போட்டிருந்த ஒருவர்மேல் பங்காளி தடை வாங்கிவிட்டார். தார் முற்றுகிற சமயம். தடைநீக்க மனு போட்டால் எதிருரை, வாய்தா என்று நாளாகும் என்று நானாக நினைத்துக்கொண்டு நேரே சென்னைக்கு ரயிலேறினேன். மனு எண்ணாகி, நோட்டீஸ் போய், எதிர்த்தரப்பு வக்கீல் நேரம் கேட்டு, ஆறு வாரம் ஓடிவிட்டது. கடைசியில் நீதிபதி ஒரே கேள்விதான் கேட்டார்: கீழ்க்கோர்ட்டில் ஏன் போகவில்லை? என்னிடம் பதில் இல்லை. திரும்பி வந்து விதி 4-இல் மனு போட்டேன். பத்தே நாளில் தடை நீங்கியது. ஆனால் அதற்குள் தார் மரத்திலேயே பழுத்து, குலை குலையாய்ச் சரிந்து கிடந்தது. அந்த மனுஷர் என்னைக் குறை சொல்லவில்லை. "அடுத்த பூவுல பாத்துக்கலாம் ஐயா" என்றார். அந்தச் சொல் இன்னும் எனக்குள் இருக்கிறது. அவர் கடன் வாங்கிப் போட்ட வாழை அது என்று பிறகு அவர் மகன் மூலமாகத்தான் தெரிந்தது.

3. இந்தச் சண்டையின் முடிவு பெரும்பாலும் முதல் கோர்ட்டில் போடுகிற அபிடவிட்டிலேயே எழுதப்பட்டுவிடுகிறது. மேல்கோர்ட் பார்ப்பதும் அந்தக் காகிதத்தைத்தான். முதல்நோக்கில் வழக்கு இருக்கிறதா, யாருக்கு இடைஞ்சல் அதிகம், பணத்தால் ஈடுகட்ட முடியாத இழப்பு வருமா என்ற மூன்றையும் எல்லோரும் மனப்பாடமாக எழுதிவிடுகிறார்கள். ஒவ்வொன்றுக்கும் கீழே இந்த வழக்கின் சங்கதி என்ன என்று எழுதுகிறவர்கள் குறைவு. 'மனுதாரருக்கு ஈடுசெய்ய முடியாத நஷ்டம் ஏற்படும்' என்ற வரியை மட்டும் வைத்துக்கொண்டு எந்த நீதிபதியும் எதுவும் செய்ய முடியாது. அது கிணற்றுத் தண்ணீரா, நடைபாதையா, குடியிருக்கும் ஓடா என்று சொல்லுங்கள். எந்தத் தேதியில் யார் வந்து என்ன செய்தார்கள் என்று சொல்லுங்கள். சொத்து விவரத்தில் நாலெல்லையை நேரில் போய்ப் பார்த்து எழுதுங்கள். பழைய பத்திரத்தைப் பார்த்து எழுதிய எல்லையில் பக்கத்து நிலத்துக்காரர் செத்து இருபது வருஷம் ஆகியிருக்கும்.

பட்டா, அடங்கல், தீர்வை ரசீது, மின் இணைப்பு அட்டை, எது கையில் இருந்தாலும் ஐ.ஏ. விசாரணையிலேயே சான்றாவணமாகக் குறியீடு செய்துவிடுங்கள். 'வழக்கு விசாரணையில் பார்த்துக்கொள்ளலாம்' என்று பெட்டிக்குள் வைத்த ஆவணத்தை மதுரையில் டைப் செட்டில் நுழைத்தால், கீழ்க்கோர்ட் பார்க்காத காகிதத்தை வைத்து அந்த உத்தரவு தவறென்று எப்படிச் சொல்வது என்று கேட்பார்கள். முதல்நோக்கு வழக்கு என்பதை முதல்நோக்கு உரிமை என்று குழப்பிக்கொள்ளவும் கூடாது. தல்பத் குமார் வழக்கில் உச்ச நீதிமன்றம் இரண்டையும் பிரித்துச் சொல்லியிருக்கிறது. நீங்கள் ஜெயித்துவிட்டதாகக் காட்ட வேண்டியதில்லை. விசாரித்துத் தீர்க்க வேண்டிய நேர்மையான தகராறு ஒன்று இருக்கிறது என்று காட்டினால் முதல் அம்சம் தேறிவிடும். மற்ற இரண்டும் இல்லாமல் அது மட்டும் போதாது.

4. எதையும் மறைக்காதீர்கள். முன்பு போட்ட வழக்கு, தோற்ற ஐ.ஏ., கையெழுத்திட்ட விடுதலைப் பத்திரம், எதுவானாலும் சரி. தெரிந்தே பொய் சொல்லி நோட்டீஸ் இல்லாமல் வாங்கிய தடையை நீக்கியே ஆக வேண்டும் என்று விதி 4-இன் காப்புரை சொல்கிறது. காரணம் எழுதி விட்டுவைக்கும் விதிவிலக்கு சிறியது. செங்கல்வராய நாயுடு வழக்கைப் படியுங்கள். விடுதலைப் பத்திரத்தை மறைத்து வாங்கிய டிக்ரியே அங்கே செல்லாமல் போயிற்று. டிக்ரிக்கே அந்தக் கதி என்றால் தடை எம்மாத்திரம்.

5. சி.எம்.ஏ.வில் நிற்கும்போது, மேல்முறையீட்டு நீதிபதி வழக்கைப் புதிதாகத் தொடங்கிக் கேட்பார் என்று எதிர்பார்க்காதீர்கள். வாண்டர் நிறுவனத்துக்கும் ஆன்டாக்ஸ் நிறுவனத்துக்கும் நடந்த வணிகக்குறி வழக்கு 1990-இல் உச்ச நீதிமன்றத்தில் தீர்ந்தது. சென்னை உயர் நீதிமன்றத்தில் தனி நீதிபதி தடை மறுத்தார். இருவர் அமர்வு கொடுத்தது. உச்ச நீதிமன்றம் தனி நீதிபதி பக்கம் நின்றது. விசாரணை நீதிமன்றம் தன் விருப்புரிமையை மனம்போன போக்கிலோ, நெறிக்கு மாறாகவோ, நிலைத்த சட்டத்தைப் புறக்கணித்தோ பயன்படுத்தியிருந்தால்தான் மேல்முறையீட்டில் கைவைக்கலாம் என்றது. இன்னொரு முடிவும் சாத்தியம் என்பது மட்டும் போதாது. ஒரு காகிதத்தில் முதல் கோர்ட் பார்க்கத் தவறிய ஆவணம் எது, தப்பாகப் படித்த வரி எது என்று எண் போட்டு எழுதிவைத்துக்கொண்டு வாதாடுங்கள். மேல்முறையீட்டிலேயே கை இவ்வளவு கட்டப்பட்டிருக்கிறது என்றால் அதற்கு மேலே இருக்கும் 227-இல் எவ்வளவு கட்டப்பட்டிருக்கும்!

6. அந்த 227 எங்கிருந்து வந்தது என்று கொஞ்சம் சரித்திரம் தெரிந்துகொள்வது நல்லது. தெரிந்தால் மனுவின் மொழியே மாறும். 1861-இன் உயர் நீதிமன்றச் சட்டத்தில் கீழ்க்கோர்ட்டுகளைக் கண்காணிக்கும் அதிகாரம் பிறந்தது. 1915-இன் இந்திய அரசுச் சட்டத்தில் பிரிவு 107 ஆயிற்று. 1935-இன் சட்டத்தில் பிரிவு 224 அதைச் சுருக்கி, மேல்முறையீடோ சீராய்வோ இல்லாத தீர்ப்பை இந்த அதிகாரத்தால் கேள்வி கேட்கக் கூடாது என்று வேலி போட்டது. அரசியலமைப்பு அந்த வேலியைப் பிடுங்கிவிட்டது. 1954-இல் வார்யம் சிங் வழக்கில் உச்ச நீதிமன்றம் இதைச் சொன்னபோது, கூடவே இன்னொன்றும் சொன்னது: இந்த அதிகாரம் கீழ்க்கோர்ட்டை அதன் எல்லைக்குள் நிறுத்துவதற்கு, வெறும் தவறுகளைத் திருத்துவதற்கு அல்ல.

எழுபது வருஷமாக அந்த வாசகம் நகரவில்லை. 2002-இல் பிரிவு 115 சுருங்கியதும் நாம் எல்லோரும் அதே பழைய சீராய்வு மனுவை எடுத்து, மேலே '227-இன்கீழ்' என்று மட்டும் மாற்றித் தாக்கல் செய்யத் தொடங்கினோம். உள்ளே காரணங்கள் அப்படியே இருந்தன. சட்டமன்றம் அடைத்த கதவைப் பெயர்ப்பலகை மாற்றித் திறக்கப் பார்த்தோம் என்பது என் எண்ணம். சூர்யதேவ் ராய் தீர்ப்பு 2003-இல் கொஞ்சம் தாராளம் காட்டியது. 2010-இல் ஷாலினி ஷியாம் ஷெட்டி வழக்கில் உச்ச நீதிமன்றம் கடிவாளத்தை இறுக்கியது. சிவில் கோர்ட்டின் நீதிமுறை உத்தரவுமேல் 226-இல் பேராணை கிடையாது, 227 மட்டுமே உண்டு என்று 2015-இல் மூவர் அமர்வு ராதே ஷியாம் வழக்கில் முடித்தது. இந்த வரிசையைத் தெரிந்துகொண்டால், 2003-ஐ மட்டும் மேற்கோள் காட்டி எதிர்த்தரப்பிடம் மாட்டிக்கொள்ள மாட்டீர்கள்.

7. அப்படியானால் எப்போது போகலாம்? போக வேண்டிய நேரம் உண்டு. அப்போது தயங்கவும் கூடாது. சிவில் கோர்ட்டுக்கு அதிகாரமே இல்லாத இடத்தில் தடை கொடுத்திருந்தால் போகலாம். வங்கிக்கடன் மீட்புக்கான சர்ஃபேசி சட்டத்தின் பிரிவு 34 சிவில் கோர்ட்டின் உறுத்துக்கட்டளையை வெளிப்படையாகத் தடுக்கிறது, ஆனாலும் தடைகள் வந்துகொண்டுதான் இருக்கின்றன. சி.எம்.ஏ.வில் மேல்முறையீட்டு நீதிபதி ஒரு காரணமும் எழுதாமல் நாலு வரியில் முதல் உத்தரவைக் கவிழ்த்திருந்தால் போகலாம். ஒரு துண்டுச் சான்றுகூட இல்லாத இடத்தில் அனுபவம் இருக்கிறது என்று எழுதியிருந்தால் போகலாம். நம் பக்கத்தைக் கேட்காமலே முடித்திருந்தால் போகலாம். தடைநீக்க மனுவைப் போட்டு மாதக்கணக்கில் கேட்கவே இல்லை என்றால் போகலாம். ஆனால் அங்கே தடையை உடைக்கச் சொல்லாதீர்கள், இத்தனை வாரத்துக்குள் மனுவை முடிக்க உத்தரவிடுங்கள் என்று கேளுங்கள். இந்த வேண்டுகோளை உயர் நீதிமன்றம் மறுத்து நான் பார்த்தது மிகக் குறைவு. கண்காணிப்பு என்ற சொல்லுக்கு இதைவிடப் பொருத்தமான வேலை கிடையாது.

இரண்டு பேர் சாட்சியில் எதை நம்புவது, அடங்கலா பட்டாவா எது எடை என்பதற்கெல்லாம் போகாதீர்கள். வழக்கே பொய் வழக்கு, பிராதையே தள்ளுங்கள் என்றும் 227-இல் கேட்காதீர்கள். சென்னை உயர் நீதிமன்றம் அப்படித் தள்ளிய ஒரு பிராதை வளர்மதி வழக்கில் 2025-இல் உச்ச நீதிமன்றம் மீட்டுக்கொடுத்தது. கட்டளை 7 விதி 11 இருக்கும்போது விசாரணை நீதிமன்றத்தின் இடத்தில் உயர் நீதிமன்றம் உட்காரக் கூடாது என்றது.

8. மனு எழுதும்போது இருபத்தைந்து காரணம் வேண்டாம். 'கீழ்க்கோர்ட் உண்மைகளைச் சரிவரப் பரிசீலிக்கவில்லை' என்று தொடங்கும் பத்தி எதையும் நான் இப்போது ஜூனியர்கள் எழுதினால் அடித்துவிடுகிறேன். அந்த வரி அப்பீலின் வரி. எல்லை எங்கே மீறப்பட்டது என்று ஒரு பத்தியில் சொல்ல முடியவில்லை என்றால் அந்த வழக்கில் 227 இல்லை என்றுதான் பொருள். டைப் செட்டில் ஐ.ஏ. அபிடவிட், எதிருரை, குறியிட்ட ஆவணங்கள், இரண்டு கோர்ட்டின் உத்தரவு, எல்லாம் வரிசையாகத் தெளிவான நகலாக இருக்கட்டும். சி.எம்.ஏ. பாதை ஏன் இல்லை என்பதை முதல் பக்கத்திலேயே சொல்லிவிடுங்கள். கேட்டபின் சொன்னால் மறைத்தது போலிருக்கும். நீதிபதி அந்தப் பக்கத்தைத்தான் முதலில் தேடுவார்.

9. 227-க்குச் சட்டத்தில் கெடு எழுதவில்லை. அதனால் ஆறுமாதம் கழித்துப் போகலாம் என்றில்லை. அவசரம் என்று சொல்லிக்கொண்டு தாமதமாக வருகிறவரை யாரும் நம்புவதில்லை. இன்னொன்று: தனி நீதிபதி 227-இல் கொடுத்த உத்தரவின்மேல் உயர் நீதிமன்றத்துக்குள் மேல்முறையீடு கிடையாது, லெட்டர்ஸ் பேடண்ட் 15-ஆவது பிரிவே அதை விலக்கிவைத்திருக்கிறது. அங்கே தோற்றால் அடுத்தது தில்லிதான். கட்சிக்காரரிடம் இதை முன்கூட்டியே, செலவோடு சேர்த்துச் சொல்லுங்கள்.

10. உத்தரவு தப்பென்று உங்களுக்குத் தெரிந்தாலும், அது நீங்கும்வரை கட்சிக்காரர் அதன்படியே நடக்க வேண்டும். மீறினால் விதி 2ஏ-இன்கீழ் சொத்து ஜப்தி, மூன்று மாதம்வரை சிவில் சிறை. தடை கொடுத்த கோர்ட்டுக்கு அதிகாரமே இல்லை என்று பின்னால் தீர்ந்தாலும், நடுவில் மீறியதற்குத் தண்டனை உண்டு என்று 1997-இல் தயாப்பாய் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. கிராமத்தில் இதை ஒருமுறை சொன்னால் போதாது. அவர் மகனையும், அவருக்காகக் கொத்து வேலை செய்கிறவரையும் கூப்பிட்டு உட்காரவைத்துச் சொல்லுங்கள்.

11. உயர் நீதிமன்றத்தில் ஜெயித்தாலும் தோற்றாலும் இரண்டு விஷயத்தைக் கேட்டு வாங்கிக்கொண்டு வாருங்கள். இந்த உத்தரவில் சொன்ன கருத்துகள் வழக்கின் விசாரணையைப் பாதிக்கக் கூடாது என்ற வரி ஒன்று. வழக்கையே இத்தனை மாதத்தில் முடிக்க வேண்டும் என்ற வரி இன்னொன்று. பின்னது முன்னதைவிடப் பெரிது. தடைச் சண்டையிலேயே நாலு வருஷம் போய், எதிருரைகூடத் தாக்கலாகாத வழக்குகள் நம் கோர்ட்டுகளில் எத்தனை! தடை யார் கையில் இருந்தாலும் நிலம் யாருடையது என்ற கேள்வி அப்படியே கிடக்கிறது. அதைத் தீர்க்கத்தான் அந்த மனுஷர் நம்மிடம் வந்தார்.

செங்கலும் மணலும் இறக்கிவைத்தவருக்கு அந்த ஜூனியர் மறுநாளே தடைநீக்க மனு போட்டார். வீட்டு வரி ரசீதும் கட்டட அனுமதியும் குறியீடு ஆகியிருக்கின்றன. அடுத்த வாய்தா வருகிற வியாழக்கிழமை. எதிருரையையும் அன்றைக்கே தாக்கல் செய்துவிடச் சொல்லியிருக்கிறேன்.